தாடையைக் கொஞ்சம் தூக்குங்க

ஸ்டூடியோவில் முதன்முறையாகத் தனியாக உட்கார்ந்து போட்டோ எடுத்துக்கொண்டது 2005-ல். எனக்கு 23 வயது. வீட்டில் வரன் பார்க்கத் தொடங்கியிருந்தார்கள். ஜாதகத்தோடு போட்டோவும் வேண்டும் என்று தரகர் சொல்லிவிட்டார். முழு உருவம் ஒன்று, மார்பளவு ஒன்று, போஸ்ட்கார்டு சைஸில் மும்மூன்று பிரதிகள். ஒரு வெள்ளிக்கிழமை சாயங்காலம் பட்டுப்புடவை கட்டிவிட்டு, தலை நிறைய மல்லிகை வைத்து, அம்மாவும் சித்தியும் என்னைக் கூட்டிக்கொண்டு போனார்கள்.

மேக்கப் ரூம் என்று சொன்ன இடத்தில் ஒரு ஆள்தான் நிற்க முடியும். ரசம் போன கண்ணாடி, நூலில் கட்டித் தொங்கவிட்ட சீப்பு, மூடி இல்லாத பவுடர் டப்பா. ஆணியில் ஒரு கறுப்புக் கோட்டு, பாஸ்போர்ட் சைஸ் எடுக்க வரும் ஆண்களெல்லாம் மாட்டிக்கொள்வதற்கு. உள்ளே போனதும் உயரம் மாற்றுகிற ஸ்டூலில் உட்கார வைத்தார்கள். இரண்டு பக்கமும் குடை லைட்டைப் போட்டதும் எனக்கு எதிரே இருந்ததெல்லாம் மறைந்துவிட்டது. அவர்களுக்கு நான் முழுசாகத் தெரிகிறேன், எனக்கு யாரும் தெரியவில்லை. இருட்டிலிருந்து ஒரு குரல் மட்டும் வந்தது. "தாடையைக் கொஞ்சம் தூக்குங்க. இல்ல, இவ்வளவு வேணாம். கொஞ்சம் இறக்குங்க."

நான் இறக்கினேன். அது சரியில்லை போல. அந்த மனிதர் வெளிச்சத்துக்குள் வந்து, இரண்டு விரலை என் தாடைக்குக் கீழே கொடுத்துத் தூக்கி, இடப்பக்கம் திருப்பி, "அப்படியே இருங்க" என்றார். விரலில் பாக்கு வாசம். அவர் கெட்டவரே இல்லை, ஐம்பது வயது இருக்கும், ஒரு நாளைக்கு இருபது முகத்தைத் திருப்புகிறவர். அம்மா அங்கேயேதான் நின்றாள். யாருக்கும் எதுவும் தப்பாகப் படவில்லை. எனக்கு மட்டும் கழுத்து மரத்துவிட்டது. என் முகத்தை எந்தக் கோணத்தில் வைத்திருக்கிறேன் என்பதே எனக்குத் தெரியாத நிலையில், "லைட்டா சிரிங்க, பல்லு தெரியாம" என்றார்கள்.

மூன்று நாள் கழித்துப் பிரிண்ட் வந்தது. அதில் இருந்தவள் என்னைவிட இரண்டு சுற்று வெளுப்பு. இடக்கண்ணுக்குக் கீழே எனக்கு ஒரு மச்சம் உண்டு, அது இல்லை. "இது நான் இல்லையே" என்றேன். "அழகா இருக்குடி, பேசாம இரு" என்றாள் சித்தி. கடைக்காரர் சந்தோஷமாகச் சொன்னார்: "மச்சத்தை எடுத்துட்டேம்மா, கலரும் கொஞ்சம் ஏத்திருக்கேன். அதுக்குத் தனியா காசு வேணாம்."

இரண்டு மாதம் கழித்துப் பெண் பார்க்க வந்தார்கள். நான் காபித் தட்டோடு போய் நின்றபோது மாப்பிள்ளையின் அம்மா கவரிலிருந்து அந்தப் படத்தை எடுத்தார். படத்தைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், மறுபடி படத்தைப் பார்த்தார். "போட்டோல கலரா இருந்துச்சு" என்றார். திட்டுகிற மாதிரிகூட இல்லை, கேள்வி மாதிரிதான். அம்மா உடனே, "வெயில்ல அலைஞ்சு கறுத்துட்டா" என்றாள். அந்த அம்மா சொன்னது எனக்கு மறந்துவிட்டிருக்கும். என் அம்மா சொன்ன பொய்தான் இன்றைக்கும் நிற்கிறது. என்னைப் பெற்றவளே என் நிறத்துக்குக் காரணம் சொல்ல வேண்டிய நிலைமையை அந்தப் படம் உண்டாக்கியிருந்தது. அந்த வரன் அமையவில்லை.

அதற்குப் பிறகு யார் கேமராவைத் தூக்கினாலும் நான் விலகிவிடுவேன். எல்லாரும் அதைக் கூச்சம் என்றார்கள். எனக்குக் கூச்சம் கிடையாது. கிராமங்களில் மகளிர் குழுக்களோடு வேலை செய்கிறேன், இருநூறு பேர் உள்ள கூட்டத்தில் மைக் பிடித்துப் பேசுவேன். பேசும்போது என் முகம் என் கையில் இருக்கிறது. எதிரே இருப்பவர் முகம் மாறினால் நான் என் பேச்சை மாற்றிக்கொள்ளலாம். கேமராவுக்கு முன்னால் அது முடியாது. எனக்கு என்ன நடக்கிறது என்று எடுப்பவருக்குத் தெரியும், எனக்குத் தெரியாது. முடிந்த பிறகுதான் தெரியும், அப்போது அது வேறு யார் யார் கையிலேயோ போயிருக்கும்.

இந்த வித்தியாசம் ஆளின் அந்தஸ்தைப் பொறுத்தது என்று நெடுநாள் நினைத்திருந்தேன். கனடா போட்டோகிராபர் யூசுப் கார்ஷ், பிரிட்டன் பிரதமர் சர்ச்சிலைப் படம் எடுத்த கதையைப் படித்தபோது அது மாறியது. 1941 டிசம்பர் 30, ஒட்டாவாவில் கனடா நாடாளுமன்றக் கட்டடம். சர்ச்சில் பேசி முடித்துவிட்டு வருகிறார், உலகப்போர் நடந்துகொண்டிருக்கிறது. கார்ஷுக்கு 33 வயது, ஓரிரு நிமிஷம்தான் அவகாசம். சர்ச்சில் வாயிலிருந்த சுருட்டை எடுக்கவில்லை. கார்ஷ் நேராகப் போய் அதைப் பிடுங்கிவிட்டு வந்து பட்டனை அழுத்தினார். அந்தக் கோபமான முகம்தான் உலகம் முழுக்கத் தெரிந்த சர்ச்சில் முகம். போர் நடத்துகிற பிரதமரே ஆனாலும், அந்த இடத்தில் நின்றுவிட்டால் எதிரே இருப்பவர் வாயிலிருப்பதைப் பிடுங்கலாம்.

ஆனால் அடுத்து நடந்ததையும் பார்க்க வேண்டும். சர்ச்சில் சிரித்தார், இன்னொரு படம் எடுக்கவிட்டார், கை குலுக்கினார். பிடிக்காவிட்டால் எழுந்து போயிருக்கவும் முடியும். அவருக்கு வேறு ஆயிரம் படங்கள் உண்டு. எனக்கு அந்த வயதில் இருந்தது ஒரே படம், அதுவும் என் வாழ்க்கையை முடிவு செய்யப் போகிறவர்களுக்கு அனுப்புவதற்கு. எழுந்து போகலாம் என்பதே எனக்குத் தோன்றவில்லை.

சில விஷயங்களைத் தெரிந்துகொண்டது எனக்குப் பெரிய விடுதலையாக இருந்தது. முதலாவது, கண்ணாடி. நம் முகத்தை நாம் தினமும் பார்ப்பது கண்ணாடியில், அதாவது இடம் வலம் மாறி. வகிடு, மச்சம், ஒரு பக்கம் கொஞ்சம் ஏறிய புருவம் எல்லாமே மறுபக்கம் இருக்கும். மற்றவர்கள் பார்ப்பது நமக்குப் பழக்கமில்லாத முகம். போட்டோவில் வருவதும் அதுதான். "இது நான் இல்லையே" என்ற முதல் அதிர்ச்சியில் பாதி இதனால் வருவது. உங்கள் படம் பிடிக்கவில்லை என்றால் உடனே கிழிக்காதீர்கள், இரண்டு நாள் கழித்துப் பாருங்கள்.

இரண்டாவது, தூரம். போனைக் கைநீட்டும் தூரத்தில் வைத்து எடுத்தால் மூக்கு பெருத்தும் காது பின்வாங்கியும் தெரியும். கேமராவுக்கு மூக்கு காதைவிட அவ்வளவு கிட்டத்தில் இருக்கிறது என்பதுதான் காரணம். எடுப்பவரை ஐந்தாறு அடி தள்ளி நின்று, இரண்டு மடங்கு ஜூம் வைத்து எடுக்கச் சொன்னால் அதே முகம் ஒழுங்காக வரும். ஸ்டூடியோக்காரர்கள் முகத்துக்கு, தூரத்திலிருந்தே பெரிதாகக் காட்டும் 85 எம்எம் மாதிரி லென்ஸ் போட்டுத் தள்ளி நிற்பது இதற்காகத்தான். என் மூக்கைப் பற்றி நான் வருஷக்கணக்காக வருத்தப்பட்டிருக்கிறேன்.

மூன்றாவதுதான் எனக்கு முக்கியமானது, நிறம். கேமராவின் தானியங்கி அளவீடு எதிரே இருக்கும் காட்சியை மொத்தமாக ஒரு நடுத்தரச் சாம்பல் நிறத்துக்குக் கொண்டுவரப் பார்க்கும். பின்னால் வெள்ளைத் துணி இருந்தால் 'வெளிச்சம் அதிகம்' என்று நினைத்து மொத்தத்தையும் குறைத்துவிடும். கறுத்த முகம் அதில் மேலும் இருண்டுபோகும். நல்ல போட்டோகிராபர் முகத்தைப் பார்த்து அளவு வைப்பார், முகத்துக்கு வெளிச்சம் சேர்ப்பார். மற்றவர் அப்படியே எடுத்துவிட்டு, பிறகு கம்ப்யூட்டரில் முகத்தை வெளுக்க வைப்பார். எனக்கு நடந்தது அது. ஃபிலிம் காலத்திலேயே இது இருந்திருக்கிறது. ஃபிலிம் தயாரித்த கோடாக் நிறுவனம், பிரிண்ட் போடும் லேப்களுக்கு நிறம் சரிபார்க்க ஒரு மாதிரிப் படம் அனுப்பும், ஷெர்லி கார்டு என்பார்கள். அதில் இருப்பது வெள்ளைக்காரப் பெண். அவள் தோல் சரியாக வந்தால் எல்லாம் சரி என்று பல்லாண்டு ஓடியிருக்கிறது. சாக்லேட், மரச்சாமான் விளம்பரம் எடுத்தவர்கள் 'பழுப்பு நிறங்கள் பிரிந்து தெரியவில்லை' என்று குறை சொன்ன பிறகுதான் ஃபிலிமைத் திருத்தினார்கள் என்று அங்கே வேலை பார்த்தவர்களே சொல்லியிருக்கிறார்கள். கறுத்த மனிதர்கள் அதற்கு எவ்வளவோ முன்பிருந்தே உட்கார்ந்து கொண்டுதான் இருந்தார்கள்.

ஆகவே ஸ்டூடியோவுக்குப் போகிற பெண்களுக்கு நான் முதலில் சொல்வது இதைத்தான். உட்காரும் முன்பே, "கலர் ஏத்த வேண்டாம், மச்சம், தழும்பு எதையும் எடுக்க வேண்டாம்" என்று சொல்லிவிடுங்கள். பிரிண்ட் வந்த பிறகு சொன்னால் சண்டையாகும், முன்னால் சொன்னால் அது வெறும் ஆர்டர்தான். வெள்ளைப் பின்னணி கட்டாயமில்லாத படம் என்றால் சாம்பல் அல்லது அடர்நீலத் துணி போடச் சொல்லுங்கள். பாஸ்போர்ட்டுக்கு வெள்ளைதான் வேண்டும், அங்கே முகத்துக்கு லைட்டைக் கூட்டச் சொல்லலாம். யாராவது தொட வந்தால், "எப்படின்னு சொல்லுங்க, நானே திருப்பிக்கறேன்" என்றால் போதும். அந்த ஒரு வாக்கியம் 2005-ல் என்னிடம் இருந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

அடையாள அட்டைப் படம் வேறு கதை. அங்கே யாரும் உங்களை அழகாக்கப் பார்ப்பதில்லை, பார்ப்பதே இல்லை. ஒரு முகாமில், கைரேகை வைத்த கையைத் துடைப்பதற்குள் என் படம் எடுத்து முடிந்திருந்தது, கண் பாதி மூடியிருந்தது. ஆதார் பதிவு மையங்களில் நம் பக்கம் பார்த்தபடி இரண்டாவது திரை ஒன்று வைப்பார்கள், நம் விவரங்களை நாமே சரிபார்க்க. பெரும்பாலானவர்கள் அதைப் பார்ப்பதே இல்லை, வரிசை பின்னால் நெருக்கும். நான் இப்போது நின்று பார்க்கிறேன். "இன்னொன்னு எடுத்துடலாங்களா?" என்று சாதாரணமாகக் கேட்கிறேன். இதுவரை யாரும் மாட்டேன் என்று சொன்னதில்லை.

நல்ல அனுபவம் ஒன்றும் உண்டு. 2018-ல் எங்கள் அலுவலகத்தில் எல்லாருக்கும் படம் எடுக்க ஒரு பெண் வந்திருந்தார், என்னைவிடச் சின்னவர். நான் போய் நாற்காலியில் உட்காரப் போனேன். "அக்கா, இருங்க. முதல்ல என்னை ஒன்னு எடுங்க" என்று கேமராவை என் கையில் கொடுத்துவிட்டு அவர் உட்கார்ந்துகொண்டார். நான் கண்ணை வைத்துப் பார்த்தேன். தினமும் இதையே தொழிலாகச் செய்கிறவர், அவருக்கே கையை எங்கே வைப்பது என்று தெரியவில்லை. மடியில் வைத்தார், எடுத்தார், துப்பட்டா நுனியைப் பிடித்துக்கொண்டார். தொண்டை ஒரு தடவை ஏறி இறங்கியது. அதைப் பார்த்ததுமே என் கழுத்து இளகிவிட்டது.

பிறகு நான் உட்கார்ந்தேன். அவர் லைட் எதுவும் போடவில்லை. ஜன்னலுக்குப் பக்கவாட்டில் நாற்காலியைப் போட்டார், சுவரை விட்டு நாலடி தள்ளி. கதவைச் சாத்திவிட்டார், சக ஊழியர்கள் எட்டிப் பார்க்காதபடி. என்னைத் தொடவே இல்லை. "நான் செய்யறதைக் கண்ணாடி மாதிரி செய்யுங்க" என்று தன் தாடையை இறக்கிக் காட்டினார். கேமரா ஸ்டாண்டில் இருந்தது, அவர் முகம் அதற்குப் பின்னால் ஒளியவில்லை, பக்கத்தில் நின்று பேசிக்கொண்டே எடுத்தார். ஒவ்வொரு ஐந்தாறு படத்துக்கும் ஒருமுறை லேப்டாப்பை என் பக்கம் திருப்பினார். கடைசியில், "மச்சம் இருக்கட்டுமா அக்கா?" என்று கேட்டார். இருக்கட்டும் என்றேன். அதுவரை என்னிடம் யாரும் அதைக் கேட்டதில்லை.

இப்படி ஒருவர் எனக்குச் செய்து காட்டிய பிறகும், ஆறு மாதத்துக்குள் நானே அந்த இரண்டு விரலை நீட்டினேன். அதைத்தான் இங்கே சொல்ல வந்தேன்.

ஆடு வளர்க்கக் கடன் கொடுத்த ஒரு திட்டம். ஆண்டறிக்கைக்குப் பயனாளி படம் வேண்டும், அன்றைக்கே வேண்டும். எழுபது வயதுக்கு மேல் இருக்கும் ஓர் அப்பத்தா வீட்டுக்குப் போனேன். நல்ல வெளிச்சம் இருக்கும்போதே எடுத்துவிட வேண்டும் என்ற அவசரம். குட்டியைத் தூக்கி அவர் கையில் கொடுத்தேன். மாராப்பை இழுத்துச் சரி செய்தேன். முகம் நிழலில் இருந்தது, தாடையைப் பிடித்து வெளிச்சத்துப் பக்கம் திருப்பினேன். "சிரிங்க அப்பத்தா" என்றேன். பன்னிரண்டு படம் எடுத்தேன்.

"எதுக்குத் தாயி இது? எங்க போகும்?" என்று கேட்டார்.

"ரிப்போர்ட்டுக்கு அப்பத்தா."

"அத யாரு பாப்பா?"

"பணம் குடுத்தவங்க பார்ப்பாங்க."

குட்டியின் காதைத் தடவிக்கொண்டே கொஞ்சம் யோசித்தார். "அப்ப நான் சிரிச்சா அவுகளுக்குச் சந்தோசமா, அழுதா சந்தோசமா? அதச் சொல்லு, அப்பிடி இருக்கேன்."

குத்திக் காட்டவில்லை. உண்மையாகவே கேட்டார், எனக்கு உதவி செய்யத்தான். நான் பதில் சொல்லாமல் போனைப் பையில் போட்டுக்கொண்டு வந்துவிட்டேன். பதில் எனக்குத் தெரியும். திட்டத்துக்கு முன் என்று ஒரு சோக முகமும், பின் என்று ஒரு சிரித்த முகமும் வேண்டும். எத்தனையோ பேரை நான் அப்படி உட்கார வைத்திருக்கிறேன்.

எட்கர் தர்ஸ்டன் என்றொருவர் 1885 முதல் 1908 வரை சென்னை அருங்காட்சியகத்தின் கண்காணிப்பாளராக இருந்தார். தென்னிந்தியச் சாதிகள், பழங்குடிகள் பற்றி, அதே அருங்காட்சியகத்தில் வேலை பார்த்த ரங்காச்சாரியோடு சேர்ந்து 1909-ல் ஏழு தொகுதிகள் வெளியிட்டவர். கருவிகளோடு ஊர் ஊராகப் போய் மக்களின் மூக்கையும் தலையையும் அளந்தவர். அந்தத் தொகுதிகளில் உள்ள பல படங்களுக்குக் கீழே சாதிப் பெயர் இருக்கும், நிற்கிற ஆளின் பெயர் இருக்காது. அமெரிக்காவில் 1936-ல் டோரதியா லாங்கே என்ற போட்டோகிராபர் எடுத்த ஏழைத் தாயின் படமும் அப்படித்தான். கலிபோர்னியாவில் பட்டாணி பறிக்க வந்தவர்களின் முகாமில், குழந்தைகள் தோளில் சாய்ந்திருக்க, கன்னத்தில் கை வைத்திருக்கும் பெண். லாங்கே அவர் பெயரைக் கேட்கவில்லை. ஃபுளோரன்ஸ் ஓவன்ஸ் தாம்ஸன் என்ற பெயர் வெளியே தெரிய 1978 ஆகிவிட்டது. அந்தப் படத்தால் தனக்கு ஒரு காசும் வரவில்லை என்றும், எடுக்காமல் இருந்திருக்கலாம் என்றும் அவர் அப்போது வருத்தப்பட்டுச் சொன்னார். லாங்கே நல்ல மனதோடுதான் எடுத்தார், அந்தப் படத்தால் முகாமுக்கு உணவு வந்தது. நல்ல மனது இருந்தாலும் பெயர் கேட்காமல் விட்டுவிட முடிகிறது என்பதுதான் என்னைக் கலங்க வைத்தது. எங்கள் பழைய அறிக்கைகளை எடுத்துப் பார்த்தேன். படங்களுக்குக் கீழே 'பயனாளி' என்றிருந்தது.

அதற்குப் பிறகு வேலையில் சிலதை மாற்றிக்கொண்டேன். போனை எடுப்பதற்கு முன்பே, படம் எங்கே போகும், யார் பார்ப்பார்கள் என்று சொல்லிவிடுகிறேன். வேண்டாம் என்றால் கடனுக்கு ஒரு பாதிப்பும் வராது என்பதையும் சேர்த்து. இதைச் சொல்லாவிட்டால் சம்மதம் கேட்பதில் அர்த்தமே இல்லை, கடன் கொடுக்கும் ஆளிடம் யார் மறுப்பார்கள்? ஆளைத் தொடுவதில்லை, என் தலையைத் திருப்பிக் காட்டுகிறேன். அவர் உட்கார்ந்தால் நானும் தரையில் உட்கார்ந்து எடுக்கிறேன். நின்றுகொண்டு எடுத்தால் எல்லாரும் அண்ணாந்து கெஞ்சுகிற மாதிரி வருகிறார்கள். பெயர் போடலாமா, எந்தப் பெயர் என்று கேட்கிறேன். பலர் வீட்டில் கூப்பிடும் பெயரைத்தான் சொல்கிறார்கள். ஒரு பிரிண்ட் போட்டுக் கொண்டுபோய்க் கொடுத்துவிடுகிறேன். நேரம் பிடிக்கத்தான் செய்கிறது. ஒரு நாளைக்கு எட்டு வீடு போன இடத்தில் மூன்று வீடுதான் முடிகிறது. மேலிடத்தில் இதற்காக வாதாட வேண்டியிருந்தது.

அப்பத்தாவிடம் மறு வாரம் போனேன். திண்ணையில் பக்கத்தில் உட்கார்ந்து, பன்னிரண்டு படத்தையும் ஒவ்வொன்றாகக் காட்டினேன். எது பிடிக்குதோ அதை மட்டும் போடுவோம், எதுவும் வேண்டாம் என்றாலும் சரி என்றேன். அவர் போனைக் கண்ணுக்குக் கிட்டே வைத்து நிதானமாகப் பார்த்தார். நான் சிரிக்கச் சொல்லி எடுத்ததையெல்லாம் சும்மா தள்ளிவிட்டார். ஒன்றில் நின்றார். குட்டி மாராப்பைப் பிடித்து இழுக்க, அதைத் திட்டுவதற்காக அவர் திரும்பியிருந்த படம். முகம் பாதிதான் தெரிந்தது, லேசாக ஆடியும் இருந்தது. நானாக இருந்தால் முதலில் அழித்திருப்பேன்.

"இது நான்" என்றார். "மத்தத அழிச்சிரு."

"நீங்களே அழிங்க" என்று எங்கே அழுத்த வேண்டும் என்று காட்டினேன். விரல் காய்ந்து வெடித்திருந்தது, முதல் தடவை திரைக்கு உறைக்கவில்லை. புடவையில் விரலைத் துடைத்துவிட்டு அழுத்தி வைத்தார். போயிற்று. பதினொரு தடவை. ஒவ்வொன்று போகும்போதும் நிஜமாகவே போய்விட்டதா என்று என் முகத்தைப் பார்த்தார்.

"இன்னும் கொஞ்ச நாள் குப்பைத் தொட்டின்னு ஒரு இடத்துல கிடக்கும் அப்பத்தா" என்றேன்.

"அதையும் தொற" என்றார்.